டூயி பால்ஃபா நிஜமாவே கேஜன் கலாச்சாரத்தை காப்பாத்தினாரா?

நீங்க கேட்டதை நான் புரிஞ்சுகிட்ட விதத்துல முதல்ல சொல்லிடறேன். லூசியானாவுல டூயி பால்ஃபான்னு ஒரு கேஜன் ஃபிடில்காரர் (ஃபிடில்னா வயலின்தான், வாசிக்கற பாணி வேற) இருந்தார், பாட்டு வாசிச்சே தன் ஜனங்களோட கலாச்சாரத்தை காப்பாத்தினார்னு எங்கேயோ படிச்சிருக்கீங்க. ஆனா அந்த ஊர்ல பிரெஞ்சு பேசறவங்களே கொறஞ்சுகிட்டே வர்றாங்க, மொழியே போற எடத்துல பாட்டு மட்டும் நின்னா எதைக் காப்பாத்தினதா சொல்றாங்க, இது செத்துப்போனவருக்கு போடற மாலைதானேன்னு சந்தேகப்படறீங்க. கடைசியா எதுல இருந்து கேட்க ஆரம்பிக்கலாம்னும் கேட்டிருக்கீங்க. சந்தேகம் நியாயமானது. மாலையும் கொஞ்சம் இருக்கு, விஷயமும் இருக்கு, ரெண்டையும் பிரிச்சு சொல்லப் பார்க்கறேன்.

எண்ணெய் கம்பெனி வேலைக்காக லஃபாயெட் பக்கம் போய் பல வருஷம் குடியிருந்தவன் நான். சின்ன வயசுல கத்துகிட்ட கர்நாடக வயலினை வச்சுகிட்டு அங்கத்த பெருசுங்க பக்கத்துல உட்கார்ந்து உட்கார்ந்து ஃபிடில் கத்துகிட்டேன், இப்பவும் வாசிக்கறேன். அதனால இசையைப் பத்தி சொல்றதை தைரியமா சொல்லுவேன். என் பிரெஞ்சு அரைகுறை, வரலாறை முறையா படிச்சவனும் இல்ல, மொழி பத்தி நான் சொல்றதை அந்த அளவுக்கே எடுத்துக்கோங்க.

பின்னணி சுருக்கமா. இப்போ கனடாவுல இருக்கிற நோவா ஸ்கோஷியா பக்கம் குடியிருந்த பிரெஞ்சு விவசாயிங்கதான் அகேடியர்கள். 1755ல ஆரம்பிச்சு பிரிட்டிஷ்காரன் அவங்களை கப்பல்ல ஏத்தி துரத்தினான். அதுல ஒரு பகுதி 1760கள்ல லூசியானா வந்து சேர்ந்துது, 1785ல பிரான்ஸ்ல இருந்து ஏழு கப்பல்ல இன்னும் சுமார் 1,600 பேர் வந்தாங்க. இவங்க வாரிசுங்கதான் கேஜன்கள். ஆனா இவங்க இசை அப்படியே பிரான்ஸ்ல இருந்து பெட்டில போட்டு கொண்டுவந்ததுன்னு யாராவது சொன்னா நம்பாதீங்க. அக்கார்டியன் ஜெர்மனில செஞ்சது, தாளத்துலயும் குரல்லயும் அதே ஊர் கருப்பின கிரியோல் மக்களோட பங்கு பெருசு, ஃபிடில் மெட்டுல நிறைய இங்கிலீஷ் பேசற அக்கம்பக்கத்துக்காரங்ககிட்ட இருந்து வந்தது. தட்டற முக்கோணம் கூட வைக்கோல் வாரி இயந்திரத்தோட இரும்புப் பல்லை வளைச்சு செஞ்சது. அந்த ஊர் சூழ்நிலைல சமைச்ச சாப்பாடு அது.

மொழிக்கு என்ன ஆச்சுங்கிறதுல குழப்பமே இல்ல, சட்டத்துலயே இருக்கு. 1921ல வந்த லூசியானா மாநில அரசியல் சாசனம் அரசுப் பள்ளிக்கூடத்துல இங்கிலீஷ்லதான் பாடம்னு சொல்லிடுச்சு. வீட்டுல பிரெஞ்சைத் தவிர வேற எதுவும் கேட்டிராத குழந்தைங்க பள்ளிக்கூடத்துல வாய் தவறி பிரெஞ்சு பேசினா அடி, இல்லன்னா முட்டி போடணும், இல்லன்னா ஒரே வரியை நூறு தடவை எழுதணும். அங்கத்த எந்த வயசானவர்கிட்ட பேச்சுக் கொடுத்தாலும் இந்தக் கதை வந்துடும். அப்படி அடி வாங்கினவங்க தங்க பிள்ளைங்களுக்கு வேணும்னே பிரெஞ்சு சொல்லித்தரல, அவமானம் தன்னோட போகட்டும்னு. இது ஒரு பக்கம்னா எண்ணெய் வேற, 1901லயே ஜென்னிங்ஸ் பக்கத்துல எடுத்துட்டாங்க. டெக்சஸ்ல இருந்து ஆளுங்க வந்தாங்க, ரோடு வந்துது, ரேடியோ வந்துது, 1930கள்ல ஊர்ப் பாட்டுக்காரங்களே அக்கார்டியனை ஓரமா வச்சுட்டு கவுபாய் பாணி தந்தி வாத்தியக் குழுவா மாறிட்டாங்க.

இங்க ஒரு விஷயத்தை அழுத்தி சொல்லணும், ஏன்னா புகழ்மாலைல இதுதான் மறைஞ்சு போகுது. பால்ஃபா வர்றதுக்கு முன்னாடி இந்த இசை செத்துக் கிடக்கல. முதல் கேஜன் ரெக்கார்டு 1928லயே வந்துடுச்சு, ஜோ ஃபால்கனும் கிளியோமா புரோவும் பண்ணது, அதுல கிட்டார் வாசிச்சது அந்தப் பொண்ணுதான். அடுத்த வருஷம் அமேடே ஆர்ட்வான்னு ஒரு கிரியோல் அக்கார்டியன்காரர் டென்னிஸ் மெகீங்கிற வெள்ளைக்கார ஃபிடில்காரரோட சேர்ந்து ரெக்கார்டு போட்டார். நிறவெறி தலைவிரிச்சு ஆடின காலத்துல இது ரெண்டு பேரும் சேர்ந்து பண்ணது, இன்னைக்கு கேஜன் பாட்டுன்னு வாசிக்கறதுல பாதி ஆர்ட்வானோட சாயல்தான். ஆர்ட்வானோட முடிவு பத்தி ஒரு கதை ஊரெல்லாம் சொல்லுவாங்க, ஒரு வெள்ளைக்காரப் பொண்ணு வேர்வை துடைக்க கைக்குட்டை கொடுத்தா, அதுக்காக அவரை அடிச்சு நொறுக்கிட்டாங்கன்னு. அவர் 1942ல பைன்வில் மனநல மருத்துவமனைல இறந்தது பதிவுல இருக்கு. கைக்குட்டை கதை வாய்வழியா வந்தது, ஆளுக்கு ஆள் மாறும், அதனால நான் அதை நடந்ததா சொல்லமாட்டேன், நடக்கலன்னும் சொல்லமாட்டேன். யுத்தம் முடிஞ்ச பிறகு, 1948ல ஐரி லெஜ்யூன்னு கண்பார்வை ரொம்பக் கம்மியான ஒரு இளைஞர் அக்கார்டியனை மறுபடி கையில எடுத்து ஒரு வால்ட்ஸ் (மூணு மாத்திரை தாளத்துல ஆடற நடனப் பாட்டு) ரெக்கார்டு பண்ணி அக்கார்டியனுக்கு மவுசு திரும்பக் கொண்டுவந்தார். 1955ல, முப்பது வயசுகூட ஆகல, ராத்திரி ரோட்டோரமா டயர் மாத்தும்போது கார் மோதி போயிட்டார்.

ஆக 1950கள்ல டான்ஸ் ஹால்ல கூட்டம் இருந்துது, பாட்டு இருந்துது. இல்லாதது மரியாதை. பாட்டுக்காரனோட சொந்த ஊர்லயே படிச்சவங்க அதை சங்கு சங்குன்னு ஒரே சத்தம்னு சொல்லி மூஞ்சை சுளிச்சாங்க. பால்ஃபா பண்ண வேலை இந்த எடத்துல ஆரம்பிக்குது.

1927ல மாமூங்கிற ஊர் பக்கத்துல பிறந்தவர். அப்பா சார்ல்ஸ் குத்தகைக்கு நிலம் உழுதவர், ஃபிடிலும் வாசிப்பார், வீட்டுல அண்ணன் தம்பி வில், ரோட்னி, ஹாரி, பர்க்மன் எல்லாரும் பாட்டுக்காரங்க. டூயி பிழைப்புக்கு ஸ்கூல் பஸ் ஓட்டினார், இன்ஷூரன்ஸ் வித்தார், பேசில்ங்கிற ஊர்ல ஃபர்னிச்சர் கடை வச்சிருந்தார். 1964ல ரால்ஃப் ரின்ஸ்லர்னு ஒருத்தர் நியூபோர்ட் நாட்டுப்புற இசை விழாவுக்கு ஆள் தேடி லூசியானா வந்தார். கிளாடியஸ் திபோடோ, வினெஸ் லெஜ்யூன்னு ரெண்டு பேரோட மூணாவது ஆள் வர முடியாம போக, கடைசி நேரத்துல டூயி கிட்டாரோட போய் சேர்ந்தார். கவனிங்க, ஃபிடிலோட இல்ல. அந்தக் காலகட்டத்துல உள்ளூர் பத்திரிகை ஒண்ணு இந்த இசையை வெளில கொண்டுபோய் காட்டறதையே கிண்டலடிச்சு எழுதுச்சு, நம்மளை நாமே கேவலப்படுத்திக்கறோம்ங்கிற மாதிரி. மேடைல என்ன ஆச்சுன்னா, ஜனம் எழுந்து நின்னு கை தட்டுச்சு, இறங்க விடல. அதுக்கு முன்னாடி 200 பேரை ஒரே எடத்துல பார்த்திருப்பேனான்னே சந்தேகம், அங்க 17,000 பேர் இருந்தாங்கன்னு டூயி பிற்பாடு சொன்னார். 17,000ங்கிறது அவர் சொன்ன எண்ணிக்கை. கூடக் குறைய இருக்கலாம், அதுவா முக்கியம்.

ஒரு கைதட்டல் எல்லாத்தையும் மாத்திடுச்சுன்னு எழுதுறாங்க பாருங்க, எனக்கு அதுல உடன்பாடு இல்ல. கைதட்டல் வாங்கிட்டு ஊருக்கு வந்து சும்மா இருந்தவங்க எத்தனையோ பேர். டூயி அந்தக் கைதட்டலோட எதிரொலி ஊர்க்காரங்க காதுல விழணும்னு கிளம்பினார், அதுதான் வித்தியாசம். வில் பிளாட்ங்கிற ஊர்ல ஸ்வாலோன்னு ரெக்கார்டு கம்பெனி வச்சிருந்த ஃபிளாய்ட் ஸ்வாலோகிட்ட (எழுதறது வேற மாதிரி, ஊர்ல அப்படித்தான் கூப்பிடுவாங்க) போய் பழைய பாணில ரெக்கார்டு போடலாம்னு கேட்டார். இதை யார் வாங்குவான்னு அவர் முதல்ல தயங்கினார், டூயி விடல. 1960கள் நடுவுல குடிகாரன் வால்ட்ஸ்ங்கிற பாட்டு ரெக்கார்டாச்சு, விற்கவும் செஞ்சுது. 1967ல அண்ணன் தம்பிங்களையே கூட்டிகிட்டு நியூபோர்ட் போனார்.

இதே நேரத்துல அரசாங்கமும் ஒரு வேலை பண்ணுச்சு. 1968ல லூசியானாவுல பிரெஞ்சை வளர்க்கன்னு கோடோஃபில்ங்கிற அமைப்பை வச்சாங்க, தலைவர் ஜேம்ஸ் டொமெஞ்சோ. நோக்கம் நல்லது. ஆனா பிரான்ஸ், பெல்ஜியம், கியூபெக்ல இருந்து வாத்தியாருங்களை வரவழைச்சு பாட புத்தக பிரெஞ்சை சொல்லிக்கொடுத்தாங்க, வீட்டுல பாட்டி பேசற பிரெஞ்சு அதுல இல்ல. ஏற்கனவே ஒரு தலைமுறை உன் பேச்சு தப்புன்னு அடி வாங்குச்சு, இப்போ அடுத்த தலைமுறைக்கு அதையே நாசூக்கா சொன்ன மாதிரி ஆயிடுச்சு, இது என் அபிப்பிராயம், அந்த அமைப்புல இருந்தவங்க ஒத்துக்க மாட்டாங்க, பிற்பாடு அவங்களே நிறைய திருத்திகிட்டாங்கங்கிறதையும் சொல்லணும். பாட்டுல இந்தப் பிரச்சனை கிடையாது, அதுல இருந்தது பாட்டியோட பிரெஞ்சேதான். பாரி ஆன்சலேங்கிற இளம் ஆய்வாளரும் டூயியும் இன்னும் சிலரும் தள்ளித் தள்ளி 1974 மார்ச் 26ல லஃபாயெட் பிளாக்ஹம் கலிசியத்துல கேஜன் இசைக்கு ஒரு பெரிய கச்சேரி நடந்துது. அன்னைக்கு பேய் மழை, இருந்தும் இடம் கொள்ளாத கூட்டம். டான்ஸ் ஆட எடம் கிடையாது, உட்கார்ந்து கேட்கணும், தங்க பாட்டை அந்த மாதிரி கேட்டது அங்க பல பேருக்கு அதுதான் முதல் தடவை. அந்தக் கச்சேரிதான் வளர்ந்து இன்னைக்கு வருஷா வருஷம் நடக்கற அகேடியன் கிரியோல் திருவிழா ஆச்சு.

என்னைக் கேட்டா அவரோட முக்கியமான வேலை மேடைல கூட இல்ல. ஃபிடிலைத் தூக்கிட்டு பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமா போனார். பிரெஞ்சு பேசினா அடிச்ச அதே பள்ளிக்கூடங்கள்ல பிரெஞ்சுல பாடினார், இதோ உங்க தாத்தா வாசிச்சதுன்னு குழந்தைங்ககிட்ட காட்டினார். வீட்டுக்கு வர்ற இளசுங்களை உட்கார வச்சு வாசிச்சார். ஸ்டீவ் ரைலி பையனா இருக்கும்போதே அவர்கிட்ட வந்து சேர்ந்தவர், பிற்பாடு சொந்தக் குழு வச்சார். மைக்கேல் டூசே 1975ல அரசாங்க உதவித்தொகை வாங்கிட்டு மெகீ, டூயி, கேன்ரே ஃபான்டெனோன்னு ஒவ்வொரு பெரியவரா தேடிப்போய் கத்துகிட்டு பூஸோலே குழுவை ஆரம்பிச்சார்.

பக்கத்துல உட்காரணும்ங்கிறது ஏன்னு வாசிக்கறவனா சொல்றேன், ஏன்னா எல்லாம்தான் ரெக்கார்டுல இருக்கே, கேட்டு வாசிச்சா ஆகாதான்னு நானே ஆரம்பத்துல நினைச்சிருக்கேன். ரெக்கார்டுல ஸ்வரம் கிடைக்கும். வில்லு எந்தப் பக்கம் போகுது, எந்த எடத்துல ரெண்டு தந்தியை சேர்த்து இழுக்கறாங்க, மணிக்கட்டு எப்போ தளருது, இதெல்லாம் காதுக்கு பாதிதான் தெரியும். ரெண்டாவது, ரெண்டாம் ஃபிடில்னு ஒரு கலை இருக்கு. டூயி மெட்டு வாசிக்க, அண்ணன் வில் கீழ் தந்திகள்ல தாளத்தோட தாங்கிகிட்டே வருவார், ஃபிடிலே தாளவாத்தியம் ஆயிடும். வீட்டுல டான்ஸ் நடந்த காலத்துல மைக் கிடையாது, அத்தனை பேர் கால் சத்தத்துக்கு மேல கேட்கணும்னா ரெண்டு ஃபிடில் வேணும், அப்படி வந்த வழக்கம். ஸ்பீக்கர் வந்ததும் அது தேவையில்லாம போச்சு, டூயியும் அண்ணனும் விடாம வாசிச்சதாலதான் இன்னைக்கு சின்னப் பசங்க வாசிக்கறாங்க. மூணாவது, பழைய பாட்டுங்க சிலதுல வரிக்கு வரி மாத்திரை கூடும் குறையும், பாடறவர் மூச்சுக்கு ஏத்த மாதிரி. கர்நாடக சங்கீதத்துல தாளம் போட்டுப் பழகின எனக்கு இது பெரிய தலைவலியா இருந்துது, எண்ணினா மாட்டிப்போம், பாடறவர் முகத்தைப் பார்த்து வாசிக்கணும்.

அக்கார்டியன் பத்தியும் ஒண்ணு சொல்லணும். இவங்க வாசிக்கறது பத்து பட்டன் உள்ள சின்னப் பெட்டி, மவுத் ஆர்கன் மாதிரி, தள்ளினா ஒரு ஸ்வரம் இழுத்தா வேற ஸ்வரம். பெரும்பாலும் சி சுருதில இருக்கும், அதுக்காக ஃபிடிலை ஒரு ஸ்வரம் கீழ இறக்கி சுருதி சேர்ப்பாங்க. சத்தம் கணீர்னு கேட்கும், ஆனா ஒரே ஸ்கேல்தான். அது உள்ள வந்ததும் அதுல வாசிக்க முடியாத பழைய ஃபிடில் மெட்டுங்க, மசூர்க்கா, ரீல்ங்கிற நடன மெட்டுங்க எல்லாம் மெதுவா விழுந்துடுச்சு. டென்னிஸ் மெகீ 1893ல பிறந்து 1989 வரைக்கும் இருந்தார், அவர் ஞாபகத்துல இருந்ததாலதான் அந்த அடுக்குல கொஞ்சமாவது கிடைச்சுது. பாரம்பரியம்னு நாம கேட்கற சத்தமே ஏற்கனவே எதையோ தள்ளிட்டு வந்து உட்கார்ந்ததுதான்னு ஞாபகம் வச்சுக்கோங்க.

அதே மாதிரி டூயி ஒருத்தர் தனியா பண்ணலங்கிறதும் உறுதி. ஜெர்மன் அக்கார்டியன் வர்றது யுத்தத்தோட நின்னுபோச்சு, யூனிஸ் ஊர்ல மார்க் சவாய் 1960கள்ல கையாலயே செய்ய ஆரம்பிச்சது வாசிக்க நல்ல பெட்டி கிடைக்க பெரிய உதவியா இருந்துது. அவர் 1966ல ஆரம்பிச்ச கடைல சனிக்கிழமை காலைல யார் வேணா வந்து உட்கார்ந்து வாசிக்கற வழக்கம் இருக்கு. மாமூவுல ஃப்ரெட்ஸ் லவுஞ்ச்ங்கிற சின்ன பார்ல இருந்து சனிக்கிழமை காலைல பிரெஞ்சுல ரேடியோ ஒலிபரப்பு 1962ல இருந்தே போச்சு, ரெவன் ரீட்ங்கிற பள்ளிக்கூட வாத்தியார் ஆரம்பிச்சது. கிரியோல் பக்கம் கேன்ரே ஃபான்டெனோவும் புவா செக் ஆர்ட்வானும் 1966ல நியூபோர்ட் மேடை ஏறினாங்க. கேஜன் கலாச்சாரம் காப்பாத்தப்பட்டதுன்னு சொல்றப்போ இவங்க பேர் பல நேரம் விட்டுப்போகும், எனக்கு அது உறுத்தும்.

டூயி வாழ்க்கைல 1979 ரொம்ப மோசமான வருஷம். வில், ரோட்னி ரெண்டு பேரும் ஒரே கார் விபத்துல போயிட்டாங்க, அடுத்த வருஷம் மனைவி ஹில்டாவும் இறந்துட்டார். அதுக்கப்புறமும் வாசிச்சார், சொல்லிக்கொடுத்தார். 1982ல தேசிய பாரம்பரியக் கலைஞர் விருது கிடைச்சுது, 1992 ஜூன்ல இறந்தார். பொண்ணு கிறிஸ்டீன் அப்பா பேரை வச்சே பால்ஃபா தூஜூர்னு குழு நடத்தினார், 2001ல இருந்து வருஷத்துல ஒரு வாரம் கத்துக்கற முகாமும் ஆரம்பிச்சார். பகல்ல வகுப்பு, ராத்திரி விடிய விடிய வாசிப்பு.

இப்போ உங்க முக்கிய கேள்வி, மொழி போச்சே. ஆமா, வீட்டுல பிரெஞ்சு பேசி வளர்ற குழந்தை இன்னைக்கு அபூர்வம், பாட்டு அதை நிறுத்தல. பாடறவங்கள்ல சிலர் அர்த்தம் முழுசா தெரியாம சத்தத்தை மனப்பாடம் பண்ணிதான் பாடறாங்க, இதை நானே பக்கத்துல இருந்து பார்த்திருக்கேன். ஆனா பாட்டுக்காக மொழியைப் போய் கத்துகிட்டவங்களும் இருக்காங்க. 1980கள்ல இருந்து முழுப் பாடமும் பிரெஞ்சுல நடத்தற வகுப்புகள் வந்துது, ஃபூஃபொலே குழுவுல சிலர் அப்படி படிச்சவங்க, பிரெஞ்சுல புதுப் பாட்டு எழுதறாங்க. லாஸ்ட் பாயூ ரேம்ப்ளர்ஸ்ங்கிற குழு 2018ல கிராமி வாங்குச்சு, அவங்க பாடறது பிரெஞ்சுல. பாட்டு இல்லாம இருந்திருந்தா இந்தப் பசங்களுக்கு அந்த மொழி மேல ஆசை வர்றதுக்கு வேற காரணம் எதுவும் இருந்திருக்கும்னு எனக்குத் தோணல, ஆனா இதை நிரூபிக்க முடியாதுங்கிறதும் உண்மை. அதனால நான் சொல்றது இவ்வளவுதான், டூயி மொழியைக் காப்பாத்தல, வெட்கத்தைப் போக்கினார். வெட்கம் போன பிறகு மொழியை எடுத்துக்கறதா வேணாமாங்கிறது அடுத்தவங்க கையில இருந்துது, கொஞ்சம் பேர் எடுத்துகிட்டாங்க.

பழசை அப்படியே பூட்டி வைக்கணும்னு அவர் நினைக்கலங்கிறதையும் சொல்லணும். பாட்டு மாறணும், மாறலன்னா செத்துடும்ங்கிற கட்சி அவர். மார்க் சவாய் இந்த விஷயத்துல ரொம்பக் கறார், டிரம்ஸ் ஆம்ப்ளிஃபையர் கலப்படம்னா அவருக்கு ஆகாது. ரெண்டு பேரும் மாமூ, யூனிஸ்னு பக்கத்துப் பக்கத்து ஊர்க்காரங்க, ஒண்ணா வாசிச்சவங்களும் கூட. அந்த வாக்குவாதம் இன்னும் ஓயல, ஓயாம இருக்கறதே நல்லதுன்னு நினைக்கறேன்.

கேட்க ஆரம்பிக்கறதுக்கு பால்ஃபா சகோதரர்கள் ஸ்வாலோவுல போட்ட முதல் ஆல்பமே போதும், 1960கள்ல வந்தது. அப்புறம் ஆர்ட்வானும் மெகீயும் சேர்ந்து பண்ண 1929 ரெக்கார்டுகள், கரகரன்னு இருக்கும், ரெண்டு நாள்ல காது பழகிடும். மூணாவது ஐரி லெஜ்யூன். நாலாவது டி. எல். மெனார்ட், இவர் நாற்காலி செஞ்ச தொழிலாளி, 1962ல வந்த இவரோட பின்வாசல் பாட்டு தெரியாத கேஜன் வீடே கிடையாது. புது ஆளுங்களை அதுக்கப்புறம் கேளுங்க. ஒரே ஒரு யோசனை, முதல் ஆல்பத்தை ரெண்டாம் முறை போடும்போது டூயியை விட்டுட்டு கீழ வில் வாசிக்கறதை மட்டும் பிடிச்சுகிட்டு போங்க, ஹெட்ஃபோன் போட்டா சுலபமா பிரிச்சுக் கேட்கலாம்.